இரந்து பெறாத கண்ணீர்

நடிப்பை மதிப்பிடுவதற்கு நம்மவரிடையே நெடுங்காலமாக ஓர் அளவுகோல் வழங்கி வருகின்றது. மேடையில் நிற்பவன் எவ்வளவு உருக்கமாக அழுதான், அவன் அழுகையைக் கண்டு அவையிலிருந்தோர் எத்தனை பேர் சால்வைத் தலைப்பினாற் கண்ணைத் துடைத்தனர் என்பதே அவ்வளவுகோல். குரல் தழுதழுக்க வேண்டும். உதடு துடிக்க வேண்டும். ஏழையாக வேடம் பூண்டவன் தன் வறுமையை நீட்டி முழக்கிச் சொல்லி மார்பில் அறைந்துகொள்ள வேண்டும். இவை யாவும் நிறைந்தவிடத்து, "இதுவன்றோ நடிப்பு!" என்று வியந்து வீடு திரும்புகின்றோம்.

இவ்வளவுகோல் முற்றும் பயனற்றது என்று கூற யான் வரவில்லை. கூத்துக் களரியிலே, விளக்கொளிக்கு அப்பால் நெடுந்தொலைவில் அமர்ந்திருப்பவனுக்கும் துயரம் சென்று எட்ட வேண்டுமாயின், அத்துயரம் பெரிதாகவே காட்டப்படல் வேண்டும். ஆயின் திரைப்படக் கருவியோ மனிதனுடைய முகத்தைச் சாண் தொலைவில் நின்று நோக்குவது. அதன் முன்னே வேறொரு வகை நடிப்புக்கும் இடமுண்டு. முகத்தில் ஒரு நரம்பும் அசையாமல், குரலில் ஓர் ஏற்றமும் இல்லாமல், காண்போன் நெஞ்சைக் கரைத்துவிடும் நடிப்பு அது. அவ்வகை நடிப்பிலே தமக்கென ஓரிடத்தை நிலைநாட்டி, நாற்பத்து நான்காம் வயதிலேயே மறைந்துபோன பின்லாந்து நடிகர் ஒருவரைப் பற்றி இங்கே எழுதப் புகுந்தேன். அவர் பெயர் மத்தி பெல்லொன்பா.

அவர் பிறந்த நாடு

பின்லாந்து என்றதும் நம்மவருட் கற்றோர் பலர்க்கு நினைவில் வருபவர், சிந்துவெளி எழுத்துக்களை ஆராய்ந்து, அவற்றின் மொழி திராவிட இனத்தைச் சார்ந்ததாதல் வேண்டுமென வாதிட்ட பேராசிரியர் அஸ்கோ பார்ப்போலா ஆவர். அதற்கு மேல் அந்நாட்டைப் பற்றி நாம் அறிந்தது சொற்பம். ஐரோப்பாவின் வடகோடியிலுள்ள அந்நாடு பல நூற்றாண்டு சுவீடனின் ஆட்சியிலும், 1809 தொடக்கம் உருசியப் பேரரசின் கீழும் இருந்து, 1917இல் விடுதலை பெற்றது. கடுங்குளிர்க் காலத்திலே அதன் தலைநகராகிய ஹெல்சிங்கியில் நாளொன்றுக்கு ஆறு மணிநேரமே பகல் வெளிச்சம் உண்டு.

அந்நாட்டார் பேசும் மொழி ஐரோப்பிய மொழிகளுட் பெரும்பாலானவற்றோடு உறவில்லாதது. அயலிலுள்ள எஸ்தோனிய மொழியோடு நெருங்கிய உறவுடையது. நம் தமிழ் போலவே சொல்லின் இறுதியில் உருபுகளை ஒட்டிக்கொண்டே செல்வது. நமக்கு வேற்றுமை எட்டு. அவர்களுடைய இலக்கணிகள் பதினைந்து என எண்ணுவர். இத்துணை வளம் வாய்ந்த மொழியை உடையராயிருந்தும் அம்மக்கள் வேண்டியதற்கு மேல் ஒரு சொல்லும் பேசார் என்பது, தம்மைப் பற்றி அவர்களே சொல்லிச் சிரிக்கும் செய்தி. பெல்லொன்பாவின் நடிப்பைப் புரிந்துகொள்வதற்கு இச்செய்தி ஓரளவு துணை செய்யும்.

பயிற்சியும் தோழமையும்

மத்தி பெல்லொன்பா 1951ஆம் ஆண்டு மார்ச் 28ஆந் திகதி ஹெல்சிங்கியிற் பிறந்தார். 1962இல், பதினொரு வயதுப் பாலகனாக இருக்கும்போதே, அந்நாட்டு அரச வானொலியின் நாடகங்களிற் குரல் கொடுக்கத் தொடங்கினார். வானொலி நாடகத்திலே முகத்துக்கும் கைக்கும் வேலையில்லை. சொல்லும், சொல்லுக்கும் சொல்லுக்கும் இடையே விடப்படும் மௌனமுமே நடிகனுடைய முதல். பிற்காலத்தில் அவர் திரையிலே சொற்களை நிறுத்து, அளந்து, ஒன்றன்பின் ஒன்றாக வைக்கும் முறையைக் காணும்போது, அவ்விளமைப் பயிற்சி வீண்போகவில்லை என்றே எண்ணத் தோன்றுகின்றது.

1970ஆம் ஆண்டுகளிலே தொழில்முறை சாராத நாடகக் குழுக்கள் பலவற்றில் நடித்துக்கொண்டே, பின்லாந்தின் நாடகக் கல்லூரியிலும் பயின்று, 1977இல் அப்பயிற்சியை நிறைவு செய்தார். ஆகவே, தெருவிலிருந்து தற்செயலாகப் படக்கருவியின் முன் வந்து நின்றவர் அல்லர்; முறையாகக் கற்றவர். முறையாகக் கற்ற ஒருவரே தாம் கற்றவற்றுள் எதனைக் காட்டாமல் விடுவது என்பதை அறிவார்.

அவருடைய வாழ்வைத் திருப்பியவர்கள் கௌரிஸ்மாக்கி சகோதரர் இருவர். மூத்தவர் மிக்கா, 1955இற் பிறந்தவர். ஜேர்மனியின் மியூனிச் நகரிற் படக்கலை பயின்றவர். இளையவர் அக்கி, 1957இற் பிறந்தவர். திரைத்துறைக்கு வருமுன் தபாற்காரராகவும், உணவுச்சாலையில் ஏனங் கழுவுபவராகவும் உழைத்தவர். இவ்விருவரும் பெரும் பணமோ பெரிய கலையகமோ இன்றி, நண்பர் சிலரைச் சேர்த்துக்கொண்டு படமெடுக்கத் தொடங்கினர். மிக்கா நெறிப்படுத்திய 'பயனிலார்' என்னும் படத்திலே, 1982இல், பெல்லொன்பா தலைமைப் பாத்திரம் ஏற்றார். அடுத்த ஆண்டு அக்கி தமது முதற் கதைப்படமாக, உருசியப் பேராசிரியன் தொஸ்தோவ்ஸ்கியின் 'குற்றமும் தண்டனையும்' என்ற நாவலை இக்கால ஹெல்சிங்கிக்கு மாற்றி எடுத்தபோது, அதில் நாயகனின் நண்பனாக நிக்காந்தர் என்னும் பெயரோடு தோன்றினார். அப்பெயரே மூன்றாண்டுகளின் பின் அவருக்குப் புகழ் தேடித் தந்தது.

குப்பை லொறியின் சாரதி

1986இல் வெளிவந்த 'பரதீசின் நிழல்கள்' என்ற படத்தின் நாயகன் நிக்காந்தர், ஹெல்சிங்கி நகரிலே குப்பை லொறி ஓட்டுபவன். முன்னர் இறைச்சி வெட்டும் தொழில் செய்தவன். தனியனாக வாழ்பவன். அவனோடு வேலை செய்யும் முதியவர் ஒருவர், இனிப் பிறரிடம் கைகட்டி வேலை செய்வதில்லை, தாமே ஒரு நிறுவனம் தொடங்குவதென்று திட்டமிட்டு, நிக்காந்தரையும் உடன் வருமாறு அழைக்கின்றார். அவனுடைய வாழ்வில் முதன்முறையாக ஒரு கதவு திறக்கின்றது. திறந்த கதவு உடனே மூடிக்கொள்கின்றது. வேலையிடத்திலேயே அம்முதியவர் விழுந்து இறந்துபோகின்றார்.

இவ்விடத்தில் நம் நடிகர் எவராயினும் என்ன செய்திருப்பார் என்பதை வாசகர்கள் எண்ணிப் பார்க்கலாம். பெல்லொன்பா ஒன்றும் செய்யவில்லை. அழவில்லை, அரற்றவில்லை, வானத்தை நோக்கிக் கேள்வி கேட்கவுமில்லை. தாழ்ந்து தொங்கும் அந்த மீசைக்கு மேலே, எண்ணெய் படிந்து பின்னோக்கி வாரப்பட்ட தலைமயிருக்குக் கீழே, இரண்டு கண்கள் மட்டும் சற்று நேரம் இமையாமல் நிற்கின்றன. பின்னர் மதுச்சாலைக்குச் செல்கின்றான். மறுநாட் பொலிஸ் கூண்டிற் கண்விழிக்கின்றான். இழப்பின் பருமனை நாமே கணக்கிட்டுக்கொள்ளுமாறு விட்டுவிடுகின்றார் அந்த நடிகர்.

பின்னர் நிக்காந்தர், பேரங்காடியொன்றிற் காசாளராகப் பணிபுரியும் இலோனா என்ற பெண்ணைச் சந்திக்கின்றான். அவனுடைய கையிலிருந்து இரத்தம் கசிவதைக் கண்டு அவள் காயத்துக்குக் கட்டுப் போடுகின்றாள். காதல் தொடங்கும் இடம் அதுதான்; நிலவுமில்லை, பாட்டுமில்லை. இலோனாவாக நடித்தவர் காத்தி ஔத்தினென் என்னும் அம்மையார். அவரும் பெல்லொன்பாவைப் போலவே குறைத்து நடிப்பதிலே வல்லவர். தன் காதலியை மகிழ்விப்பதற்கு எங்கே அழைத்துச் செல்வதென்று அறியாத நிக்காந்தர், பிங்கோ என்னும் சூதாட்டம் நடைபெறும் மண்டபத்துக்கு அழைத்துச் செல்கின்றான். அவள் முகம் கோணுகின்றது. அவனுக்குத் தெரிந்த உல்லாசம் அவ்வளவே. காண்போர் முதலிற் சிரிக்கின்றனர். சிரித்த வாய் மூடுமுன்னரே நெஞ்சில் ஏதோ தைக்கின்றது. வேலை இழந்தவளும் குப்பை அள்ளுபவனும் பலமுறை பிரிந்து, பலமுறை கூடி, ஈற்றில் எஸ்தோனியாவின் தலைநகராகிய தாலினுக்குச் செல்லும் கப்பலில் ஏறுகின்றனர். படம் அங்கே முடிகின்றது.

இளிவரலும் பெருமிதமும்

யான் மாணவர்க்குத் தொல்காப்பியத்து மெய்ப்பாட்டியலைக் கற்பித்து வருபவன். நகை, அழுகை, இளிவரல், மருட்கை, அச்சம், பெருமிதம், வெகுளி, உவகை என மெய்ப்பாடு எட்டு எனவும், அகத்தே நிகழ்வது புறத்தே மெய்யிற் புலப்படுதலே மெய்ப்பாடு எனவும் அவர்க்கு உரைப்பதுண்டு. மெய்யில் ஒன்றுமே படாத இந்நடிகருடைய நடிப்பை எவ்வாறு விளக்குவது?

நம் உரையாசிரியர்கள், நடிப்போனிடத்துத் தோன்றும் சுவை காண்போனிடத்துச் சென்று சேர்தலைப் பற்றியும் பேசினர். பெல்லொன்பாவிடத்தில் நிகழ்வது அதன் இரண்டாம் பகுதி மட்டுமே போலும். அவர் தம் முகத்தில் வர வேண்டிய மெய்ப்பாட்டை அடக்கிக்கொள்கின்றார். அடக்கப்பட்டது அழிந்துவிடுவதில்லை, காண்போனுடைய மெய்யில் வந்து படுகின்றது. அவர் அழாமையால் நாம் அழுகின்றோம்.

இன்னும் ஒன்று. மூப்பு, பிணி, வருத்தம், மென்மை என்னும் நான்கும் பற்றி இளிவரல் பிறக்கும் என்பர் இலக்கணமுடையார். கல்வி, தறுகண், புகழ், கொடை என்னும் நான்கும் பற்றிப் பெருமிதம் பிறக்கும் என்பர். நிக்காந்தரின் நிலையை நோக்குமிடத்து, அவனிடம் இளிவரலுக்கு வேண்டிய யாவும் உண்டு. பெருமிதத்துக்கு வேண்டியவற்றுட் கல்வியில்லை, வீரச்செயலில்லை, புகழில்லை. ஆயினும் அப்பாத்திரத்தைக் காணும் எவரும் அவனை இளிவந்தவன் என்று கொள்ளார். குப்பைத் தொட்டியைத் தூக்கும்போதும் அவன் நிமிர்ந்தே நிற்கின்றான். தன்னிடம் உள்ளது மிகச் சிறிதாயினும் அதனைக் கொடுப்பதற்கு அஞ்சாதவன். நான்கனுள் எஞ்சி நின்ற கொடை ஒன்றே அவனுக்குப் பெருமிதத்தைத் தந்துவிடுகின்றது. ஏழையைக் கண்டு இரங்குவது எளிது. ஏழையின் முன்னே இரக்கம் காட்டக் கூசி நிற்குமாறு செய்வது அரிது. அவ்வரிய செயலே இந்நடிகரின் வாழ்நாட் பணி என்பது என் துணிபு.

பல முகம் கொண்ட ஒரு முகம்

1988இல் வந்த 'ஏரியல்' என்ற படத்திலே பெல்லொன்பாவின் பங்கு சிறியது. வடபகுதிச் சுரங்கம் மூடப்பட்டதனால் வேலையிழந்த தொழிலாளி ஒருவன், கூரை மூடாத பெரிய அமெரிக்க மோட்டார் வண்டியில் தெற்கு நோக்கி வந்து, செய்யாத குற்றத்துக்காகச் சிறைப்படுகின்றான். சிறையில் அவனுக்குத் தோழனாக வாய்ப்பவன் மிக்கோனென், அவனே பெல்லொன்பா. இருவரும் சிறையினின்று தப்புகின்றனர். வெளியே வந்தபின் கயவர்களாற் குத்துண்ட மிக்கோனென், அவ்வண்டியின் பின்னிருக்கையிற் கிடந்து உயிர் விடுகின்றான். குளிரிலும் பனியிலும் அவ்வண்டியின் கூரையை மூடும் வகை அதன் உரிமையாளனுக்கு இதுகாறும் தெரிந்திருக்கவில்லை. இறந்துகொண்டிருக்கும் மிக்கோனென் ஒரு பொத்தானை அழுத்துகின்றான். கூரை மெல்ல எழுந்து மூடிக்கொள்கின்றது. அவன் தோழனுக்கு விட்டுச்சென்ற கொடை அது. சிரிப்பதா அழுவதா என்று அறியாது நாம் திகைக்கின்றோம்.

அடுத்த ஆண்டிலேயே முற்றும் மாறான ஒரு பாத்திரம் கிட்டியது. 'லெனின்கிராட் கௌபோய்கள் அமெரிக்கா செல்கிறார்கள்' என்னும் நகைச்சுவைப் படத்திலே, ஒட்டகக் கழுத்துப்போல் முன்னே நீண்ட தலைமயிரும், அதற்கு இணையாக நீண்ட கூர்நுனிச் சப்பாத்துக்களும் அணிந்த ஒரு பாட்டுக் குழுவினர் பிழைப்புத் தேடி அமெரிக்காவுக்குப் போகின்றனர். அவர்களுடைய முகாமையாளன் விளாதிமிர் பெரும் சுரண்டற்காரன். குழுவினர் பசியால் வாடத் தான் மட்டும் மறைவாக உண்டு குடிப்பவன். நிக்காந்தருக்கு இருந்த அதே முகம், அதே மீசை, அதே அசையாத கண்கள். ஆயின் அங்கே கண்ணீரைத் தந்தவை இங்கே நகைப்பைத் தருகின்றன. "இவருக்கு ஒரே முகந்தானே" என்று குறைகூறுவார்க்கு இவ்விரு படங்களையும் அடுத்தடுத்துப் பார்க்குமாறு சொல்வேன். முகம் ஒன்றாயிருக்க, அதற்குள்ளிருந்து நோக்கும் மனிதன் வேறாகிவிடுகின்றான்.

பனி இரவில் ஒரு வாடகை மோட்டார்

உலகோர் பலர் பெல்லொன்பாவை அறிந்தது அமெரிக்க நெறியாளர் ஜிம் ஜார்முஷ் 1991இல் எடுத்த 'புவியில் ஓர் இரவு' என்ற படத்தினால் ஆகும். லொஸ் ஏஞ்சல்ஸ், நியூயோர்க், பாரிஸ், ரோமாபுரி, ஹெல்சிங்கி ஆகிய ஐந்து நகரங்களில், ஒரே இரவில், ஐந்து வாடகை மோட்டார்களில் நிகழும் ஐந்து கதைகள் அப்படத்தில் உண்டு. இறுதிக் கதை ஹெல்சிங்கியில் நிகழ்வது. அதன் சாரதி பெல்லொன்பா. பாத்திரத்தின் பெயர் மிக்கா. பயணிகளுள் ஒருவன் பெயர் அக்கி. கௌரிஸ்மாக்கி சகோதரருக்கு ஜார்முஷ் செய்த நட்பு மரியாதை அது.

விடியற்கு முன்னான வேளை. பனி மூடிய வீதி. குடிவெறியில் நிற்கமாட்டாத தொழிலாளர் மூவர் வண்டியில் ஏறுகின்றனர். அவர்களுள் அக்கி நினைவிழந்து கிடக்கின்றான். அவனுக்கு நேர்ந்த தீங்குகளை மற்ற இருவரும் சாரதிக்கு எடுத்துரைக்கின்றனர். வேலை போயிற்று, புதிதாக வாங்கிய வண்டி நொறுங்கிற்று, மணமாகாத இளம் மகள் கருவுற்றிருக்கின்றாள், மனைவி விலக்கிவிட எண்ணுகின்றாள். இதனினும் கொடிய நாள் ஒருவனுக்கு உண்டோ என்று கேட்கின்றனர். சாரதி அமைதியாக, இதனினும் கொடியது உண்டு என்கின்றான். சொல், பார்ப்போம் என்று அவர்கள் சவால் விடுகின்றனர். அவன் சொல்லத் தொடங்குகின்றான்.

நெடுங்காலம் காத்திருந்த பின் அவனுக்கும் மனைவிக்கும் ஒரு பெண் மகவு, மாதம் நிறையுமுன் பிறந்தது. அது பிழைக்காது என்றனர் வைத்தியர். நாளை இழக்கப்போகும் பிள்ளைமேல் இன்று அன்பு வைத்தால் துயரம் தாங்காது என்று எண்ணி, அன்பு வைப்பதில்லை என்று அவன் உறுதிகொண்டான். பிள்ளையோ வைத்தியர் குறித்த காலத்தைக் கடந்தும் உயிரோடிருந்தது. அப்பொழுது அவர்களுக்கு ஓர் எண்ணம் பிறந்தது. ஒருவேளை அப்பிள்ளைக்கு வேண்டியிருப்பது அன்புதானோ? இருக்கும் அன்பையெல்லாம் கொடுத்துவிடுவது என்று முடிவு செய்தனர். அம்முடிவுக்குப் பின் அவர்களைத் தேடி வந்த செய்தி, பிள்ளை இறந்துவிட்டது என்பதே.

இக்கதையைச் சொல்லும்போது பெல்லொன்பா வீதியைப் பார்த்தபடியே இருக்கின்றார். கை சுக்கானில் இருக்கின்றது. குரல், நேற்றுப் பெய்த மழையைப் பற்றிச் சொல்பவனுடைய குரல். பின்னாலிருக்கும் இரண்டு முரட்டுத் தொழிலாளரோ குழந்தைகள் போல் விம்மி விம்மி அழுகின்றனர். காரி வானானென், சக்காரி குவொஸ்மானென் முதலியோர் அங்கே நடித்துள்ளனர். துயரத்துக்கு உரியவன் அழவில்லை, கேட்டவர் அழுகின்றனர். மெய்ப்பாடு நடிப்போனிடமிருந்து காண்போனிடம் செல்லும் வழியை அவ்வண்டிக்குள்ளேயே நமக்குக் கண்கூடாக்கி விடுகின்றனர்.

கதை அதனோடு நிற்கவில்லை. சாரதியின் துயரத்தைக் கேட்ட அவ்விருவரும், "அக்கியின் துயரமும் ஒரு துயரமா?" என்று தம் நண்பனையே இகழ்ந்து, அவனை வண்டியில் விட்டுவிட்டுப் போய்விடுகின்றனர். விழித்தெழுந்த அக்கி பணத்தைக் கொடுத்துவிட்டு, எங்கிருக்கின்றான் என்பதும் புலப்படாமற் பனித்தரையில் உட்கார்ந்துவிடுகின்றான். வேலைக்குச் செல்லும் அயலார் அவனுக்குக் காலை வணக்கம் கூறிக்கொண்டே கடந்து செல்கின்றனர். ஒருவன் துயரத்தை மற்றொருவன் துயரத்தோடு நிறுத்துப் பார்க்கும் மனித இயல்பின் கொடுமையை இதனினும் சுருக்கமாக எவர் சொல்ல வல்லார்? பெரிய துயரத்தைச் சுமந்தவன் அதனைப் பெருமையாகக் காட்டிக்கொள்ளவில்லை. கேட்டவரே அதனை அளவுகோலாக்கிச் சிறிய துயரத்துக்கு உரியவனைத் தெருவில் விட்டனர்.

பாரிஸ் நகரத்து ஓவியன்

1851இல் ஹென்றி மூர்ஜே என்னும் பிரெஞ்சு எழுத்தாளர், வறுமையில் வாடும் கலைஞர்களின் வாழ்வைப் பற்றி ஒரு நூல் வெளியிட்டார். புச்சினியின் புகழ்பெற்ற இசைநாடகத்துக்கு மூலம் அதுவே. அந்நூலைத் தழுவி அக்கி கௌரிஸ்மாக்கி 1992இல் 'பொஹீமிய வாழ்க்கை' என்ற படத்தைப் பிரெஞ்சு மொழியிலே, கறுப்பு வெள்ளையில் எடுத்தார். எழுத்தாளன் மார்சலாக அந்திரே வில்ம்ஸ் என்ற பிரெஞ்சு நடிகரும், இசைஞனாகக் காரி வானானெனும், ரொதோல்ஃபோ என்ற அல்பேனிய ஓவியனாகப் பெல்லொன்பாவும் நடித்தனர். பிரெஞ்சு மொழி பெல்லொன்பாவின் மொழியன்று. அயல்மொழிச் சொற்களை ஒலியாகவே மனத்திற் பதித்து அவர் ஒப்புவிக்கும்போது எழும் தடக்கம், புகுந்த நாட்டிற் காலூன்ற மாட்டாத அகதி ஓவியனுக்கு மிகப் பொருந்திவிடுகின்றது.

ரொதோல்ஃபோவிடம் நாட்டில் தங்குவதற்குரிய பத்திரமில்லை, பணமில்லை, போதலேர் என்ற நாயொன்று உண்டு. ஒருகால் அவனை நாடு கடத்தியும் விடுகின்றனர், திரும்பி வருகின்றான். மீமீ என்ற ஏழைப் பெண்ணை நேசிக்கின்றான். அவள் நோயுற்று வைத்தியசாலையிற் கிடக்கும்போது, நண்பர் மூவரும் தம்மிடமுள்ளவற்றை விற்று அவளுடைய செலவுக்குக் கொடுக்கின்றனர். மீண்டும் அந்தக் கொடை! ஆயினும் இளவேனில் வரும்போது அவள் போய்விடுகின்றாள். ரொதோல்ஃபோ வைத்தியசாலையை விட்டுத் தனியே வெளியே வருகின்றான். அவ்வளவே. எவரிடமும் ஆறுதல் கேட்கவில்லை.

இப்பாத்திரத்துக்காக அவ்வாண்டின் ஐரோப்பியத் திரைப்பட விருதுகளில், சிறந்த நடிகருக்கான பீலிக்ஸ் விருது பெல்லொன்பாவுக்கு வழங்கப்பட்டது. துணை நடிகருக்கான விருதை அதே படத்துக்காக வில்ம்ஸ் பெற்றார். கத்திப் பேசுவோரும் கதறி அழுவோரும் நிறைந்த ஐரோப்பியத் திரையிலே, குரல் உயர்த்தாத ஒருவரை நடுவர்கள் தேர்ந்தெடுத்தனர் என்பது நினைவிற் கொள்ளத்தக்கது.

மறைவும் ஒரு நிழற்படமும்

1994இல் வந்த 'தத்தியானா, உன் கழுத்துத் துணியைப் பற்றிக்கொள்' என்ற படம், ஒரு மணிநேரமே ஓடும் சிறிய ஆக்கம். கோப்பிப் பைத்தியம் பிடித்த ஒருவனும், மதுப் பிரியனான ரெய்னோ என்னும் மோட்டார் திருத்துபவனும் ஊர் சுற்றப் புறப்பட்டு, உருசியப் பெண்ணொருத்தியையும் எஸ்தோனியப் பெண்ணொருத்தியையும் வழியிற் சந்திக்கின்றனர். ஆடவர் இருவரும் வாய் திறப்பதில்லை. ஒருத்தி ரெய்னோவின் தோளில் மெல்லத் தலை சாய்க்கின்றாள். படம் முழுதும் நிகழும் காதற் காட்சி ஏறத்தாழ அதுவே. முடிவில் ரெய்னோ எஸ்தோனியாவிலேயே அவளோடு தங்கிவிடுகின்றான். ரெய்னோவாக நடித்தவர் பெல்லொன்பா. அக்கி கௌரிஸ்மாக்கியின் கதைப்படங்களில் அவர் ஏற்ற கடைசிப் பாத்திரங்களுள் ஒன்று அது. எஞ்சியோர் திரும்பி வர, அவர் மட்டும் அக்கரையிலே நின்றுவிட்டார் என்று இன்று அப்படத்தைப் பார்க்கும்போது மனம் வேறொரு பொருளைக் கற்பித்துக்கொள்கின்றது.

1995ஆம் ஆண்டு யூலை மாதம் 13ஆந் திகதி, மேற்குக் கரையிலுள்ள வாசா நகரிலே மாரடைப்பினால் அவர் இறந்தார். கலைஞன் இளமையிற் கெடுவதை ஒரு மகிமையாகக் கொண்டாடுவோர் உளர். யான் அக்கட்சியைச் சேர்ந்தவன் அல்லன். நாற்பத்து நான்கு வயது ஒரு நடிகனுக்கு முற்பகற் பொழுதே. அவர் முதுமையில் ஏற்றிருக்கக்கூடிய தந்தையரும் பாட்டன்மாரும் நமக்கு இல்லாமற் போயினர். அது நட்டமேயன்றி மகிமை அன்று.

அக்காலத்திலே பின்லாந்து கொடிய பொருளாதார வீழ்ச்சியில் அகப்பட்டிருந்தது. 1990இல் நூற்றுக்கு மூவர் அளவினராக இருந்த வேலையற்றோர், 1994இல் நூற்றுக்குப் பதினாறு பேருக்கு மேலாகப் பெருகினர். அவ்வவலத்தைப் பற்றி அக்கி ஒரு படம் எழுதினார். அதன் தலைமைப் பாத்திரம் பெல்லொன்பாவை மனத்திற்கொண்டே ஆக்கப்பட்டது. நடிகர் மறைந்ததும் கதையை மாற்றி, உணவுச்சாலை ஒன்றின் தலைமைப் பரிசாரகியாகக் காத்தி ஔத்தினெனை நடிக்கச் செய்தார். 1996இல் வெளிவந்த அப்படத்தின் பெயர் 'மிதந்து செல்லும் முகில்கள்'. அதனைப் பெல்லொன்பாவின் நினைவுக்கே உரிமையாக்கினார்.

அப்படத்திலே வேலையிழந்த கணவனும் மனைவியும் வாழும் வீட்டில் ஒரு சிறுவனின் நிழற்படம் வைக்கப்பட்டிருக்கின்றது. அவர்கள் முன்னரே இழந்துவிட்ட பிள்ளை என்பதை ஒருவரும் விளக்கிச் சொல்வதில்லை. மனைவி அதன் முன்னே சற்று நின்று பார்க்கின்றாள், அவ்வளவே. அச்சிறுவனின் படம் உண்மையில் மத்தி பெல்லொன்பாவின் பாலப்பருவப் படம். தம் நண்பனை இழந்த துயரத்தை அந்நெறியாளர், அந்நண்பனிடத்துக் கண்ட முறையிலேயே, வாய்விட்டு அரற்றாமற் சொல்லி முடித்தார்.

அதன்பின்னும் அக்கி கௌரிஸ்மாக்கி படமெடுத்து வந்தார். 2011இல் வந்த 'லு ஹாவர்' என்ற படத்திலே, பாரிஸ் நகரத்து எழுத்தாளன் மார்சல் முதியவனாகத் திரும்பி வந்து, சப்பாத்துத் துடைத்துப் பிழைக்கின்றான், வில்ம்ஸ்தான் அவன். ரொதோல்ஃபோ வரவில்லை. 2023இல் வந்த 'உதிர்ந்த இலைகள்' என்ற படத்தில் மீண்டும் ஓர் ஏழைத் தொழிலாளியும் ஓர் ஏழைப் பெண்ணும் பேசாமற் பேசிக் காதலிக்கின்றனர். 'பரதீசின் நிழல்கள்' இட்ட தடத்திலேயே அதுவும் நடக்கின்றது. அந்நடிகனுடைய நாற்காலி வெறுமையாயிருப்பினும் அவர் அமைத்த முறை நின்று நிலவுகின்றது.

நம் நாட்டிலும் நாடகம் பயிலும் இளைஞர் பலர் உளர். ஏழையாக வேடம் பூணும்போது, அவ்வேழைக்காக அவையோரிடம் கண்ணீரை இரந்து நிற்பது எளிய வழி. அவ்வழியிற் செல்லும் நடிகன், தான் யாருடைய துயரத்தைச் சொல்ல வந்தானோ அவரையே இரவலராக்கி விடுகின்றான். குப்பை அள்ளுபவனும், சிறைமீண்டவனும், நாடற்ற ஓவியனும், இரவில் வாடகை வண்டி ஓட்டுபவனும் தம் துயரத்தைத் தாமே தாங்கத் தெரிந்தவர்கள். அவர்களை மேடையேற்றுபவன், அவர்கள் நிமிர்ந்து நிற்கும் நிலையைக் குலைத்துவிடாதிருத்தல் வேண்டும். மத்தி பெல்லொன்பா தாம் நடித்த இத்தகையோர் ஒருவரையும் தலைகுனிய விடவில்லை.